நகைச்சுவையும் நம் இல்லமும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

 

ஆண்டுதோறும் இம்மேடையில் திருக்குறளைப் பற்றியும், கம்பனைப் பற்றியும், சிலம்பைப் பற்றியும் சொற்பொழிவுகள் நிகழ்வது வழக்கம். இவ்வாண்டு எம்மைப் பேசப் பணித்த செயலாளர், பொருளைத் தேர்ந்துகொள்ளும் உரிமையை எமக்கே விட்டுவிட்டார். அவ்வுரிமையைக் கொண்டு, நாடகத்துக்கும் தொலைக்காட்சிக்கும் திரைப்படத்துக்கும் நகைச்சுவை எழுதுவதையே வாழ்நாள் தொண்டாகக் கொண்ட ஒருவரைப் பற்றிப் பேச விழைந்தோம். அவர்தாம் கிரேசி மோகன்.

தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு விழாவில் சிரிப்பு எழுதியவரின் வரலாறா என்று முகஞ்சுளிப்போர் இவ்வவையில் இருத்தல் கூடும். அவர்கள் தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலை ஒருமுறை நினைத்தல் வேண்டும். மனித உள்ளத்தின் உணர்ச்சிகளை எட்டாக வகுத்த ஆசிரியர், அழுகைக்கும் வீரத்துக்கும் முன்னே, வரிசையின் முதலிடத்தில் நகையை வைத்தார். அவர் முதலில் வைத்ததை நாம் கடைசியிலேனும் வைத்துப் பேசலாகாதா?

ஒரே நாளில் இரு பிரிவுகள்

இப்பொருளை யாம் தேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு. 2019 ஜூன் 10, திங்கட்கிழமை. அன்று காலை பெங்களூரில் கிரீஷ் கார்நாட் மறைந்தார். 'துக்ளக்', 'ஹயவதன', 'நாகமண்டல' முதலிய நாடகங்களால் கன்னட மேடையை உலகறியச் செய்த பெருமகனார் அவர். அதே நாள் பிற்பகலில் சென்னையில் மாரடைப்பால் கிரேசி மோகன் மறைந்தார். அவருக்கு அப்பொழுது வயது 66. இரண்டு மொழிகள் தத்தம் நாடக ஆசிரியர் ஒருவரை ஒரே பகலில் இழந்தன.

அன்று மாலை எம் அண்டை வீட்டார், ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர், கார்நாட் மறைவைப் பற்றிப் பேசித் துயரைப் பகிர்ந்துகொள்ள வந்தார். யாமும் கார்நாடின் நாடகங்களைக் கண்டவர்களாதலின் மனமொத்துப் பேசினோம். 'காதலன்' என்னும் தமிழ்ப் படத்தில் அவர் நடித்ததையும் நினைவுகூர்ந்தோம். பின்னர் அவர், "உங்கள் நாட்டிலும் இன்று ஒருவர் இறந்தாராமே, அவர் யார்?" என்று கேட்டார். யாம் கிரேசி மோகனின் பெயரைச் சொன்னோம். அவர் என்ன எழுதினார் என்று கேட்டார். அவருடைய திரைப்படக் காட்சி ஒன்றைக் கன்னடத்தில் எடுத்துச் சொல்ல முயன்றோம். சொல்லி முடித்தபோது அப்பெரியவர் மரியாதைக்காகப் புன்னகை புரிந்தார். எம் முயற்சி தோற்றதென்பதை அப்புன்னகையே அறிவித்தது.

கார்நாடின் துயரத்தை எம்மால் தமிழில் உணர முடிந்தது. மோகனின் சிரிப்பை அவருக்குக் கன்னடத்தில் கொடுக்க எம்மால் முடியவில்லை. அழுகை எம்மொழிக்கும் எளிதில் செல்லும். நகைப்போ பிறந்த மொழியை விட்டு எளிதில் வெளியேறாது. இவ்வுண்மையை அன்று மாலை எம் வீட்டுத் திண்ணையில் கற்றுக்கொண்டோம்.

பொறியியலும் நாடகமும்

இனி அவர் வரலாற்றைச் சுருங்கக் கூறுவோம். மோகன் 1952 அக்டோபர் 16ஆம் நாள் பிறந்தவர். தந்தையார் ரங்காச்சாரி. கிண்டிப் பொறியியற் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் பயின்றார். மாணவராக இருந்தபோதே, 1972இல், கல்லூரிகளுக்கிடையே நடந்த போட்டி ஒன்றுக்காகக் 'கிரேட் பேங்க் ராபரி' என்னும் சிறு நாடகத்தை எழுதி நடித்தார். எழுத்துக்கும் நடிப்புக்கும் அவருக்கே பரிசு கிடைத்தது. பரிசை வழங்கியவர் அந்நாளில் இளம் நடிகராக இருந்த கமல்ஹாசன். பதினேழு ஆண்டுகளுக்குப் பின்னர் அவ்விருவரும் கைகோத்துத் தமிழ்த் திரையுலகில் நகைச்சுவைக்கெனத் தனிப் பாதை ஒன்றை அமைக்கப் போகின்றனர் என்பதை அம்மேடையில் யார் அறிந்திருப்பர்?

பட்டம் பெற்றபின் சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் பணிபுரிந்துகொண்டே நாடகம் எழுதினார். 1976இல் எஸ்.வி. சேகரின் 'நாடகப்பிரியா' குழுவினருக்காக அவர் எழுதிய 'கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' பெருவெற்றி பெற்றது. நாடகத்தின் தலைப்பில் இருந்த சொல், எழுதியவரின் பெயருக்கு முன்னே வந்து ஒட்டிக்கொண்டது. 1979இல் 'கிரேசி கிரியேஷன்ஸ்' என்னும் குழுவைத் தாமே தொடங்கினார். தம்பியார் பாலாஜி 'மாது' என்னும் பாத்திரமாகவே மேடையில் வாழ்ந்து, 'மாது பாலாஜி' என்றே பெயர் பெற்றார். தமையன் எழுத, தம்பி நடிக்க, ஒரு குடும்பமே நாற்பது ஆண்டுகள் தமிழரைச் சிரிக்க வைத்தது.

'மேரேஜ் மேட் இன் சலூன்' என்னும் நாடகத்தை இயக்குநர் கே. பாலசந்தர் 1983இல் 'பொய்க்கால் குதிரை' என்னும் படமாக்கினார். மோகனின் எழுத்து திரைக்கு வந்தது அவ்வழியேதான். அப்படத்தில் கவிஞர் வாலியும் நடித்தார்.

மற்றுமொரு செய்தி. மோகனின் நாடகங்களில் கதைத் தலைவியின் பெயர் பெரும்பாலும் 'ஜானகி' என்றே இருக்கும். திரைப்படங்களிலும் 'அபூர்வ சகோதரர்கள்', 'அவ்வை சண்முகி', 'தெனாலி', 'வசூல் ராஜா' ஆகிய நான்கிலும் தலைவி ஜானகியே. பள்ளிப் பருவத்தில் தமக்கு நாடக ஆர்வத்தை ஊட்டிய ஆசிரியையின் பெயர் அது என்று அவரே கூறியுள்ளார். ஆசிரியைக்கு மாணவன் செலுத்தும் காணிக்கை பலவகைப்படும். ஆண்டுக்கணக்கில் மேடைதோறும் அவர் பெயரைச் சொல்லி அழைக்கச் செய்வதைவிடச் சிறந்த காணிக்கை வேறொன்று யாம் அறியோம்.

நகையின் நான்கு நிலைக்களங்கள்

மோகனின் நகைச்சுவை எத்தன்மையது? இதனை ஆராயத் தொல்காப்பியரே நமக்கு அளவுகோல் தருகின்றார். நகை நான்கு இடங்களில் பிறக்கும் என்பது அவர் கொள்கை. பிறரை இகழ்தலாகிய எள்ளல் ஒன்று, குழந்தைமையாகிய இளமை ஒன்று, அறியாமையாகிய பேதைமை ஒன்று, மடன் ஒன்று. ஒருவர் சொன்னதைச் சொன்னபடியே பற்றிக்கொண்டு, பின்னர் விடாதிருக்கும் இயல்பே மடன் என்பது உரையாசிரியர் விளக்கம்.

இந்நான்கனுள் எள்ளலே மிக எளிது. ஒருவரின் நிறத்தையோ, உடலையோ, ஊரையோ, சாதியையோ இகழ்ந்தால் அவையில் ஒரு பகுதியினர் உடனே சிரிப்பர். அச்சிரிப்பில் மற்றொருவரின் கண்ணீர் கலந்திருக்கும். நம் திரைப்படங்களில் பல காலமாக மலிந்து கிடப்பது இவ்வகையே. மோகன் எள்ளலைப் பெரும்பாலும் விலக்கி, எஞ்சிய மூன்றன்மேல் தம் வீட்டைக் கட்டிக்கொண்டார். அவருள்ளும் மிகுதியாகப் பயன்பட்டது மடனே.

'அபூர்வ சகோதரர்கள்' 1989இல் வெளிவந்தது. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிய அப்படத்தில் தந்தையைக் கொன்றோரைப் பழிவாங்கும் கடுமையான கதை ஒன்று ஓடுகின்றது. அதன் நடுவே ஜனகராஜ் நடித்த காவல் ஆய்வாளரும், ஆர்.எஸ். சிவாஜி நடித்த காவலரும் வருவர். மேலதிகாரி ஒவ்வொரு முறையும் தவறான முடிவுக்கே வருகின்றார். கீழுள்ளவரோ அம்முடிவை வியந்து வியந்து போற்றுகின்றார். பிடித்த பிடியை இருவரும் விடுவதில்லை. இங்கே யாரும் யாரையும் இகழவில்லை. ஆயினும் அரங்கம் அதிர்கின்றது. அலுவலகத்தில் பணிபுரிந்த நம்முள் யார்தாம் அந்த மேலதிகாரியைக் கண்டதில்லை? அந்தக் காவலராக நாமே இருந்த நாள்களும் உண்டு அன்றோ?

இயந்திரம் போன்ற நகைச்சுவை

மோகன் இயந்திரப் பொறியியல் பயின்றது வீண்போகவில்லை என்பது எம் கருத்து. 1990இல் வந்த 'மைக்கேல் மதன காம ராஜன்' படத்தை நோக்குக. ஒரே முகமுடைய நால்வர், நால்வர்க்கும் கமல்ஹாசனே. ஒருவன் திருடன், ஒருவன் செல்வன், ஒருவன் சமையற்காரன், ஒருவன் தீயணைப்பு வீரன். அவர்களுள் சமையற்காரனாகிய காமேசுவரன் பாலக்காட்டுத் தமிழ் பேசுபவன். பொய் சொல்லத் தெரியாத பேதை. அவன் தந்தையாக நடித்தவர் டெல்லி கணேஷ்.

திருமண வீட்டில் சமைக்கும் சாம்பாரில் மீன் ஒன்று விழுந்துவிடுகின்றது. சைவ விருந்தில் மீன்! அம்மீன் விழும் வரையில் ஒரு கணக்கு. விழுந்தபின் அது யார் இலையில் வரும், வந்தால் யார் என்ன சொல்வர், சொன்னால் அதற்கு விடை என்ன என்று பல கணக்குகள். ஒரு பற்சக்கரம் திரும்பினால் அடுத்தது திரும்புவதுபோல ஒரு பேச்சு அடுத்த பேச்சைத் தள்ளிச் செல்கின்றது. ஒரு சொல்லை நீக்கினாலும் இயந்திரம் நின்றுபோகும். கேட்பவர்க்கு அது தற்செயலாகத் தோன்றும். எழுதியவர்க்கோ அது திட்டமிட்ட உழைப்பு.

அப்படத்தின் இறுதியில் மலைவிளிம்பில் நிற்கும் வீடு ஒன்று இருபுறமும் சாய்ந்தாடும். 1925இல் சார்லி சாப்ளின் எடுத்த 'கோல்ட் ரஷ்' படத்தைக் கண்டவர்கள் இவ்வாட்டத்தின் மூலத்தை அறிவர். உலகத்துச் சிரிப்பைக் கடன் வாங்கினாலும், அதனுள்ளே ஒலிக்கும் பேச்சுத் தமிழருக்கே உரியது.

சொல்லால் சிரிக்க வைப்பவர் சொல்லே இல்லாமலும் சிரிக்க வைக்கக் கூடுமோ? 1994இல் வந்த 'மகளிர் மட்டும்' இதற்கு விடை. அப்படத்தில் நாகேஷ் பிணமாக நடித்தார். பேச்சு இல்லை, கண் இமைத்தலும் இல்லை. சுற்றி இருப்போர் பேசும் பேச்சும், அவர்கள் அப்பிணத்தைப் படுத்தும் பாடுமே நகையை விளைத்தன. தம் உரையாடலின் நடுவே ஒரு பெருநடிகரைப் பேசாது கிடத்தத் துணிந்த எழுத்தாளரின் தன்னடக்கத்தை நாம் பாராட்டுதல் வேண்டும்.

பல ஊர்த் தமிழ்

இனி, நம்மைப் போன்ற புலம்பெயர்ந்த குடும்பங்களுக்கு மிக நெருங்கிய செய்தி ஒன்றைக் கூறுவோம்.

நாம் பேசும் தமிழை ஊரிலிருந்து வரும் உறவினர் கேட்டுச் சிரிப்பது உண்டு. "என்ன, மைசூர்க்காரத் தமிழாக இருக்கிறதே!" என்பர். நம் குழந்தைகள் அதைக் கேட்டு நாணி, அடுத்த முறை தமிழே பேசாமல் ஒதுங்கிவிடுவர். இந்நகரில் மண்டயம் ஐயங்கார்களும் ஹெப்பார் ஐயங்கார்களும் பல தலைமுறைகளாகத் தமக்கே உரிய தமிழைப் பேசி வருகின்றனர். சங்கேதியர் பேச்சும் தமிழின் கிளையே. அவற்றைக் குறையென்று சொல்வார் அறியாதார்.

மோகன் எழுதிய படங்களை வரிசையாக நினையுங்கள். காமேசுவரன் பேசுவது பாலக்காட்டுத் தமிழ். 1995இல் பாலு மகேந்திரா இயக்கிய 'சதிலீலாவதி'யில் கோவை சரளாவும் கமல்ஹாசனும் பேசுவது கொங்குத் தமிழ். 2000ஆம் ஆண்டில் வந்த 'தெனாலி'யில் கதைத் தலைவன் பேசுவது ஈழத் தமிழ். 2004இல் வந்த 'வசூல் ராஜா எம்.பி.பி.எஸ்.' சென்னைத் தமிழில் உருள்கின்றது. இப்பேச்சுகளைக் கேட்டு நாம் சிரித்தோம். ஆயினும் பேசியவரை இகழ்ந்து சிரிக்கவில்லை. அவர்கள் நம் அன்புக்கு உரியவர்களாயினர். ஈழத்திலிருந்து போரால் சிதறிய ஒருவன், எதைக் கண்டாலும் அஞ்சும் அச்ச நோயாளியாய் வந்து நிற்கும்போது, நாம் சிரித்துக்கொண்டே அவன் துயரையும் ஒருசிறிது தொட்டுவிடுகின்றோம். வட்டாரத் தமிழ் வாய்விட்டுப் பேசத்தக்கது என்று அரங்கில் அமர்ந்திருந்த இலட்சக்கணக்கானோர்க்கு இப்படங்கள் சொல்லாமற் சொல்லின.

2002இல் வந்த 'பஞ்சதந்திரம்' இன்னும் ஒரு படி மேலே சென்றது. ஐந்து நண்பர்கள், அவர்களுள் ஒருவர் நாயர், ஒருவர் ரெட்டி, ஒருவர் ஹெக்டே. ஹெக்டேயாக நடித்தவர் நம் கருநாடகத்து ரமேஷ் அரவிந்த். பெங்களூருக்கு அவர்கள் செல்லும் பயணமே குழப்பத்துக்கு வித்து. ஒருவர் கூறியதை மற்றவர் வேறாகக் கேட்டு, அதை மூன்றாமவர் வேறாகத் திருத்தி, தென்னாட்டின் நான்கு மொழிகளும் ஒரே காரில் அமர்ந்து செல்வதுபோல் அப்படம் அமைந்தது. நம் குடியிருப்பில் நாள்தோறும் நடப்பதும் அதுவே அன்றோ?

'சதிலீலாவதி'யில் நடித்த அதே ரமேஷ் அரவிந்த், 2005இல் அதனைக் கன்னடத்தில் 'ராமா ஷாமா பாமா' என இயக்கினார். கமல்ஹாசனே அதிலும் நடித்தார். கதை மொழிமாறியது, நகைச்சுவை கன்னடச் சொற்களில் புதிதாகப் பிறக்க வேண்டியதாயிற்று. யாம் திண்ணையில் செய்யமாட்டாததை அவர்கள் திரையில் செய்தனர். மொழிபெயர்த்தால் சிரிப்பு இறக்கும். மறுமுறை எழுதினால் பிழைக்கும்.

மைசூருக்கும் இதில் பங்கு உண்டு

நகைச்சுவை நம் நகருக்குப் புதிதன்று. தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட குடும்பத்தில் தோன்றிய டி.பி. கைலாசம், கன்னட நாடகத்தில் நகைச்சுவைக்குப் புதுவழி கண்டார். வீடுகளில் மக்கள் பேசிய, ஆங்கிலம் கலந்த கன்னடத்தையே மேடைக்குக் கொணர்ந்தார். இந்நகரில் வாழ்ந்த ஆர்.கே. நாராயணின் கதையைக் கொண்டே ஜெமினி நிறுவனம் 1947இல் 'மிஸ் மாலினி'யை எடுத்தது. அவருடைய 'மிஸ்டர் சம்பத்' நாவலைச் சோ 1972இல் தமிழ்ப் படமாக்கினார். யாதவகிரியில் நாராயண் வாழ்ந்த இல்லம் இன்று அருங்காட்சியகமாக நிற்கின்றது. விடுமுறை நாளில் பிள்ளைகளை அங்கே அழைத்துச் செல்வீராக.

தமிழிலோ இம்மரபின் மூலவர் பம்மல் சம்பந்த முதலியார். 1891இல் சுகுண விலாச சபையை நிறுவி, படித்தவர்களும் நாடகமாடலாம் என்று காட்டியவர். அவருடைய 'சபாபதி' 1941இல் ஏ.வி. மெய்யப்பனின் படமாக வெளிவந்து நாட்டையே சிரிக்க வைத்தது. 2002இல் மோகன் உரையாடல் எழுதிய 'பம்மல் கே. சம்பந்தம்' அப்பெயரை நினைவூட்டுகின்றது. 1996இல் வந்த 'அவ்வை சண்முகி'யோ, ஔவையார் வேடத்தால் புகழ்பெற்ற டி.கே. சண்முகத்தை நினைவூட்டுகின்றது. முன்னோரை வணங்கிவிட்டுச் சிரிக்கத் தொடங்கும் பண்பு இது.

குறைகளும் உண்டு

புகழ்ச்சி மட்டுமே கூறினால் சொற்பொழிவு ஆகாது. மோகனின் உலகம் பெரும்பாலும் நகரத்து நடுத்தரக் குடும்பத்தின் கூடத்தோடு நின்றுவிட்டது. உழவரும் தொழிலாளரும் அங்கே மிகுதியாக நுழையவில்லை. சிலேடைமேல் சிலேடையாக அடுக்கும் ஆர்வத்தில் கதை மூச்சுத் திணறிய இடங்களும் உண்டு. பெண் பாத்திரங்கள் பலர், கணவரின் பொய்யைக் கண்டுபிடிக்கும் மனைவியராக மட்டுமே நின்றனர். 'மகளிர் மட்டும்' போன்ற சிலவே விலக்கு. எள்ளலை விலக்கினார் என்றோம். சில இடங்களில் அவரும் வழுவினார் என்பதையும் ஒப்புக்கொள்ளல் வேண்டும். திரைக்கதைகள் சில அயல்நாட்டுப் படங்களைத் தழுவியவை. 'அவ்வை சண்முகி'க்கு 1993இல் வந்த 'மிசஸ் டவுட்ஃபயர்' முன்னோடி என்பதை யாவரும் அறிவர்.

இக்குறைகள் ஒருபுறம் நிற்க. திரையுலகில் பெரும்புகழ் வந்தபின்னும் அவர் மேடையை விட்டு நீங்கவில்லை என்பது மறுபுறம். 'சாக்லேட் கிருஷ்ணா' முதலிய நாடகங்களைச் சபாக்களில் தொடர்ந்து நடத்தி, தாமும் வேடம் பூண்டார். தொலைக்காட்சிக்கு 'விடாது சிரிப்பு' போன்ற தொடர்களை எழுதினார். தனிமையில் வெண்பா இயற்றினார். ரமண மகரிஷியின்மேல் பக்தி கொண்டு, அவர் வரலாற்றை 'ரமணாயணம்' என வெண்பாக்களாகவே பாடினார். தளை தட்டாமல் வெண்பா எழுதுபவர்க்குச் சொல்லின் எடை தெரியும். அவருடைய நகைச்சுவை உரையாடல்களில் ஓர் அசையும் மிகாதிருந்ததன் இரகசியம் இதுவென்றே எண்ணுகின்றோம். காளமேகம் சிலேடை பாடிய மொழியில், திரைப்பட உரையாடல் எழுதியவரும் வெண்பா பாடியதில் வியப்பில்லை.

எம் இல்லத்து நிகழ்ச்சி

இறுதியாக, எம்மை இங்கே பேசத் தூண்டிய நிகழ்ச்சி ஒன்றைக் கூறி அமைவோம்.

சில மாதங்களுக்கு முன் எம் பெயரனோடு அமர்ந்து 'மைக்கேல் மதன காம ராஜன்' படத்தைப் பார்த்தோம். மீன் சாம்பாரில் விழுந்தது. பெயரன் கைகொட்டிச் சிரித்தான். அடுத்துப் பேச்சுகள் தொடங்கின. எம் துணைவியாரும் யாமும் கண்ணில் நீர்வரச் சிரித்தோம். பெயரன் திரையை நோக்காமல் எம் முகத்தையே மாறிமாறி நோக்கினான். பிறகு கன்னடத்தில், "தாத்தா, எதற்குச் சிரிக்கிறீர்கள்?" என்று கேட்டான்.

திண்ணையில் அண்டை வீட்டாரின் முகத்தில் கண்ட அதே மரியாதைப் புன்னகை, சற்றுப் பொறுத்து எம் பெயரனின் முகத்திலும் தோன்றியது. அண்டை வீட்டாரிடம் தோற்றபோது எமக்கு வருத்தமில்லை. எம் பெயரனிடம் தோற்றபோது அன்றிரவு உறக்கம் வரவில்லை.

நம் பிள்ளைகள் கன்னடம் கற்பது மிக நன்று. இந்நாட்டின் சோற்றை உண்டு இந்நாட்டின் மொழியை அறியாதிருப்பது நன்றிகேடு. நாம் அஞ்சுவது கன்னடம் வருவதற்கு அன்று, தமிழ் போவதற்கே. தமிழ் போகும்போது முதலில் போவது எழுத்து என்று எண்ணியிருந்தோம். அன்று, முதலில் போவது சிரிப்பு என்று கண்டோம். உணவு கேட்கவும், உடுப்பு கேட்கவும் நூறு சொற்கள் போதும். சிரிக்க வேண்டுமானால் மொழி முழுவதும் வேண்டும்.

இரண்டு மொழிகளும் அறிந்தவர்க்கோ இரட்டைச் சிரிப்பு உண்டு. எம் அன்னையார் இந்நகருக்கு வந்த புதிதில் தேவராஜ மார்க்கெட்டுக்குச் சென்றார். காய்கறிக்காரர் கத்தரிக்காயை அள்ளி அள்ளிப் போட்டுவிட்டு, "ஸாக்கா?" என்று கேட்டார். போதுமா என்பது அதன் பொருள். அன்னையாரோ, கோணிச் சாக்கு வேண்டுமா என்று கேட்பதாக எண்ணி, "சாக்கு வேண்டாம், வேண்டாம்" என்று கையசைத்தார். போதாது என்கிறார் என்று எண்ணிய காய்கறிக்காரர் மேலும் இரண்டு கை அள்ளிப் போட்டார். அன்னையார் இன்னும் உரக்க, "சாக்கு வேண்டாம்" என்றார். மேலும் இரண்டு கை விழுந்தது. அந்த வாரம் முழுவதும் எம் வீட்டில் கத்தரிக்காய்க் குழம்பே!

பாருங்கள், இப்பொழுது இவ்வவையில் நீங்கள் சிரிக்கின்றீர்கள். நம் கன்னட நண்பர்களும், இவ்வூரில் வாழ்ந்து தமிழ் பழகிய காரணத்தால், நம்மோடு சேர்ந்து சிரிக்கின்றனர். சென்னையில் இதைச் சொன்னால் விளக்கம் வேண்டும்; ஹாசனத்தில் சொன்னாலும் விளக்கம் வேண்டும். தேவராஜ மொஹல்லாவில் விளக்கம் வேண்டா. இது நமக்கே உரிய செல்வம். கன்னடம் மட்டும் அறிந்த பிள்ளைக்கும் இது கிட்டாது; தமிழ் மட்டும் அறிந்த பிள்ளைக்கும் கிட்டாது.

ஆதலின் சங்கத்தாரிடம் எம் வேண்டுகோள் ஒன்று. அடுத்த ஆண்டு விழாவில் பிள்ளைகள் அரைமணி நேர நகைச்சுவை நாடகம் ஒன்றை நடிக்கட்டும். அதனை வெளியிலிருந்து வரவழைக்க வேண்டா. நம் குடியிருப்பின் கதைகளைக் கொண்டு நாமே எழுதுவோம். பிள்ளைகளுக்குரிய உரையாடலைக் கன்னட எழுத்திலோ ஆங்கில எழுத்திலோ எழுதிக் கொடுக்காமல், தமிழ் எழுத்திலேயே எழுதிக் கொடுப்போம். படிக்கத் திணறினால் பாட்டியர் துணைநிற்பர். சிரிப்பு வரவேண்டிய இடத்தில் சிரிப்பு வரவேண்டுமே என்னும் ஆசை, பாடப்புத்தகம் தராத ஊக்கத்தைத் தரும். அந்நாடகத்துக்கு அண்டை வீட்டாரையும் அழைப்போம். கிண்டிக் கல்லூரியில் ஒரு மாணவர் ஒரு போட்டிக்காக எழுதிய சிறு நாடகம் எங்கே சென்று முடிந்தது என்பதைக் கண்டோம். நம் பிள்ளைகளுள் ஒருவர் அவ்வாறு வளரமாட்டார் என்று யார் கூற வல்லார்?

எம் பெயரனோடு யாம் இப்பொழுது ஞாயிறுதோறும் ஒரு காட்சியை எடுத்துக்கொண்டு, சொல் சொல்லாகப் பேசிப் பார்க்கின்றோம். விளக்கிய நகைச்சுவை வாடிய பூ என்பது உண்மையே. ஆயினும் சென்ற வாரம், யாம் விளக்கும் முன்னரே அவன் ஓரிடத்தில் சிரித்தான். அது மீன் விழும் காட்சி அன்று. காமேசுவரன் பேசும் காட்சி.